இரண்டாம் கேட்டில் உட்கார்ந்தவர்கள்

மேடம், இந்த அறையின் கதவு உள்பக்கமாகத் திறக்கிறது. குறையாகச் சொல்லவில்லை. காலையில் உங்கள் கான்ஸ்டபிள் டீ கொண்டுவந்தபோது கவனித்தேன். அவர் உள்ளே வருவதற்காக, ஏற்கெனவே உள்ளே நின்ற இரண்டு பேர் பின்னால் நகர வேண்டியிருந்தது. ஒரே நேரத்தில் எட்டுப் பேர் வந்துபோகும் அறைக்கு இந்த மாதிரிக் கதவு சரிப்படாது. சமயம் கிடைக்கும்போது ஒரு தச்சரைக் கூப்பிட்டு மாற்றச் சொல்லுங்கள். டீ நன்றாக இருந்தது.

தமிழிலேயே எழுதலாம் என்று நீங்கள் சொன்னது எனக்குப் பெரிய உதவி. நீங்கள் மேலப்பாளையம் என்று கான்ஸ்டபிள் சொன்னார். எங்கள் தாத்தா ஜோலார்பேட்டையிலிருந்து ரயில்வே வேலைக்காக இந்தத் தெலுங்கு ஊருக்கு, மெட்டுகுடாவுக்கு வந்தவர். தமிழ் எழுத்து எனக்கு எங்கள் மாதா கோயிலின் ஞாயிறு வகுப்பில் கிடைத்தது. என் பிள்ளைகளுக்கு அதுவும் கிடையாது. நான் தமிழில் கேட்டால் தெலுங்கில் பதில் சொல்வார்கள். எழுத்துப் பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

போலீஸிடம் எழுதிக் கொடுப்பது கோர்ட்டில் நிற்காது என்று வக்கீல் சொன்னார். மாஜிஸ்திரேட் முன்னாலும் இதையே சொல்லத் தயாராக இருக்கிறேன். முரளி வெளியே வர வேண்டும். அதற்காகத்தான் நானாக நடந்து வந்தேன்.

உங்களுக்குத் தெரிந்ததுதான். பின்னால் படிப்பவர்களுக்காக எழுதுகிறேன். போன ஞாயிற்றுக்கிழமை மல்லாபூரில், மூடிக்கிடக்கும் ஒரு கம்பி ஆலையின் மைதானத்தில் தேர்தல் பொதுக்கூட்டம் நடந்தது. மாலை ஐந்தரை மணி வாக்கில் இரண்டாம் கேட்டருகே பதினொரு பேர் நசுங்கி இறந்தார்கள். அவர்களில் ஒன்பது பேர் பெண்கள். கேட்டைப் பூட்டிவைத்திருந்தவன் முரளி. சாவி அவன் சட்டைப் பையில் இருந்தது. ஆறு நாளாக உங்கள் லாக்கப்பில் இருக்கிறான். "நான்தான் பூட்டினேன்" என்பதற்கு மேல் ஒரு வார்த்தையும் அவன் பேசவில்லை என்று கேள்விப்பட்டேன். இறந்த பெண்களில் ஒருத்தி கமலம். முரளியின் அம்மா. எங்கள் சந்தில் மூன்றாவது வீடு.

அன்று அந்த மைதானத்தில் கூட்டத்துக்கு முழுப் பொறுப்பு என்னுடையது. என் பெயர் இருதயராஜ். வயது ஐம்பத்தெட்டு. ரயில்வே ஒர்க்‌ஷாப்பில் ஸ்டோர்ஸில் இருந்து விருப்ப ஓய்வில் வந்தவன். இங்கே இந்த வேலையை ஜன சமீகரணம் என்பார்கள். ஆள் சேர்ப்பது என்று வைத்துக்கொள்ளுங்கள். சேர்ப்பது சுலபம். கொண்டுவந்து நிறுத்திய ஆட்களைக் கடைசிவரை நிறுத்திவைப்பதில்தான் வேலையே இருக்கிறது. அதில் என்னைப் போல இந்த ஊரில் ஒருவர் இல்லை. நானாகச் சொல்லவில்லை, மூன்று கட்சிக்காரர்கள் சொல்வார்கள்.

முரளியிடமிருந்து எனக்கு வந்த அழைப்புகளை உங்கள் ஆட்கள் எடுத்திருப்பார்கள். மூன்று வந்தன. இரண்டுக்குப் பதில் சொன்னேன். மூன்றாவது அந்தச் சத்தத்தில் காதில் விழவில்லை.

நான் எப்படி இந்த வேலைக்கு வந்தேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். இல்லாவிட்டால் நான் ஏதோ தரகன் என்று நினைத்துவிடுவீர்கள். பன்னிரண்டு வருடத்துக்கு முன்னால் எங்கள் சந்தில் குடிநீர்க் குழாயில் சாக்கடை கலந்தது. குழந்தைகளுக்கு மஞ்சள் காமாலை வந்தது. நானும் இன்னும் சிலரும் மனு எழுதினோம். மூன்று வருடம் எழுதினோம். குடிநீர் அலுவலகத்து அதிகாரி நல்ல மனிதர், ஒவ்வொரு முறையும் உட்காரச் சொல்லி, வாங்கி வைத்துக்கொள்வார். ஒரு நாள் கமலம் என் வீட்டு வாசலில் வந்து நின்றாள். அவளுக்குப் படிப்பு ஐந்தாம் வகுப்புதான்.

"இன்னாண்ணா, காயிதத்த வெச்சுக்கினு அவரு இன்னா பண்ணுவாரு? தனியா போனா நாம மனு. சேந்து போனா நாமதான் சர்க்காரு" என்றாள்.

நானூறு பெண்கள் காலிக் குடத்தோடு அந்த அலுவலகத்துக்குப் போனார்கள். அழைத்துப் போனவள் கமலம். எங்கே நிற்பது, யார் முன்னால், யார் பின்னால், வண்டிப் போக்குவரத்தை மறிக்காமல் இரண்டு பக்கமும் எப்படிப் பிரிப்பது என்றெல்லாம் பார்த்துக்கொண்டவன் நான். ஒருவரும் கத்தவில்லை. குடங்களைத் தரையில் வைத்துவிட்டு நின்றார்கள், அவ்வளவுதான். ஒன்பதாம் நாள் புதுக் குழாய் வந்தது. அன்றைக்கு எனக்கு இருந்த சந்தோஷம் என் கல்யாணத்தன்றும் இருந்ததில்லை. உண்மையாகவே சொல்கிறேன்.

ஓட்டுப் போடும்போது, மேடம், அட்டைத் தடுப்புக்குப் பின்னால் ஒவ்வொருவராகத்தான் போகிறோம். பக்கத்து வீட்டுக்காரன் எந்தப் பொத்தானை அழுத்தினான் என்று நமக்குத் தெரியாது. விரலில் மையோடு வீட்டுக்கு வந்து, நாம் எத்தனை பேர் என்று தெரியாமலேயே ஐந்து வருடம் இருக்கிறோம். மைதானத்தில்தான் அது கண்ணுக்குத் தெரிகிறது. வீட்டில் யாரும் மதிக்காத ஆள்கூட அங்கே வந்து நின்றதும் நெஞ்சை நிமிர்த்துவான். நான் பார்த்திருக்கிறேன். எத்தனை பேர் வந்தார்கள் என்பதை வைத்துத்தான் யாருக்குச் சீட்டு, எந்தத் தெருவுக்கு ரோடு என்பதெல்லாம் முடிவாகிறது. அதனால் கூட்டம் என்பதை நான் ஒருநாளும் கேவலமாக நினைத்ததில்லை. டிவியில் பேசுகிற படித்தவர்கள்தான் அப்படி நினைக்கிறார்கள். அவர்களுக்குக் குழாயில் நல்ல தண்ணீர் வருகிறது.

குடம் வைத்த கதை பரவியது. கட்சிக்காரர்கள் தேடி வந்தார்கள். கமலம் சொன்ன அந்த வாக்கியத்தை நான் எல்லாரிடமும் சொன்னேன். ஒரு கட்சி அதைச் சுவரிலேயே எழுதியது. கமலத்திடம் காட்டினேன். "உங்க பேச்சுதானே அது" என்றாள். தான் சொன்னதென்று அவளுக்கு நினைவே இல்லை. நானும் திருத்தவில்லை.

இனி என் முறையைச் சொல்ல வேண்டும். இந்த வழக்கே அதில்தான் இருக்கிறது.

செப்டம்பரில் மாதா திருவிழாவுக்குச் சப்பரம் தூக்குவோம். கூட்டம் சப்பரத்தின் மேல் சாயாமல் இருக்க நான்கு மூலையிலும் நான்கு பேர் கயிறு பிடிப்பார்கள். ஒரு வருடம் பட்டாசுப் பொறி மேலே விழுந்து, கயிறு பிடித்தவர்கள் விட்டுவிட்டு ஓடினார்கள். தூக்கியவர்கள் தடுமாறி, சப்பரம் குழந்தைகள் பக்கம் சாய்ந்தது. நல்லவேளை ஒன்றும் ஆகவில்லை. அடுத்த வருடம் நான் ஒரு காரியம் செய்தேன். கயிறு பிடிக்கிற ஒவ்வொருவனின் அம்மாவையோ மனைவியையோ, அவனவன் மூலைக்குப் பக்கத்தில் கயிற்றுக்கு உள்ளே நடக்கச் சொன்னேன். அதற்கப்புறம் இன்றுவரை ஒருவனும் கயிற்றை விட்டதில்லை. தன் அம்மா உள்ளே நிற்கும்போது எவன் விடுவான்? சாமியார் என் தோளைத் தட்டிக்கொடுத்தார்.

இதையே மைதானத்துக்குக் கொண்டுவந்தேன். காரணம் குஷாய்குடா கூட்டம். இரண்டு மாதத்துக்கு முன்னால் அங்கே கட்சித் தலைவர் தாமதமாக வந்தார். ஜனங்கள் பாதிக்கு மேல் எழுந்து போய்விட்டார்கள். தலைவர் பேசுவதையும் எதிரே வரிசை வரிசையாகக் காலி நாற்காலிகளையும் எவனோ போனில் பிடித்துவிட்டான். ஒரே நாளில் ஊரெல்லாம் பார்த்துச் சிரித்தது. வேட்பாளரின் வலது கையாக இருப்பவர் புருஷோத்தமன். அவர் என்னைக் கூப்பிட்டு, தன் போனில் அந்தப் படத்தை ஓடவிட்டு, என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். திட்டியிருந்தால் தேவலை. எனக்கு அவமானம் பிடுங்கித் தின்றது.

மல்லாபூரில் நாற்காலி வேண்டாம், தரையில் பாய் போதும் என்றேன். சுற்றிலும் மதில் இருக்கிற மைதானமாகக் கேட்டு வாங்கியதும் நான்தான். அனுமதிக் கடிதத்தில் நான்கு கேட்டுகள் திறந்திருக்கும் என்று எழுதியிருந்தது. நான்காவது கேட்டை ஜெனரேட்டர் வண்டி அடைத்துக்கொண்டது. மற்ற மூன்றையும் மைதானம் நிறைந்ததும் பூட்டச் சொன்னேன். பூட்டு மட்டும் போதாது. போக வேண்டும் என்று நினைப்பவன் பூட்டை ஆட்டுவான், சத்தம் போடுவான், அதைப் பார்த்து இன்னொருவன் வருவான். அதனால் ஒவ்வொரு கேட்டுக்கும் உள்பக்கம் நாற்பது பெண்களைப் பாய் போட்டு உட்கார வைத்தேன். அந்த நாற்பதில், கேட்டுக்குப் பொறுப்பானவனின் வீட்டுப் பெண் ஒருத்தி கண்டிப்பாக இருப்பாள்.

நம் ஜனங்கள் மரியாதை தெரிந்தவர்கள், மேடம். உட்கார்ந்திருக்கும் பெண்களைத் தாண்டிக் கால் வைக்க மாட்டார்கள். கேட்டுவரை வருவார்கள், அம்மாக்களைப் பார்ப்பார்கள், தலையைச் சொறிந்துகொண்டு திரும்பிவிடுவார்கள். கேட்டுக்காரனும் இடத்தைவிட்டு நகர மாட்டான். இரண்டு சின்னக் கூட்டங்களில் சோதித்துப் பார்த்தேன். ஒரு ஆள்கூட நகரவில்லை.

அந்தப் பெண்களுக்கு நான் இதைச் சொல்லவில்லை. கேட்டுப் பக்கம் காற்று வரும், முடிந்ததும் முதலில் வெளியே போகலாம் என்றேன். அவர்களுக்குச் சந்தோஷம். மேலேயிருந்து டிரோனில் பார்க்கும்போது அவர்கள் இருக்கும் இடம் எனக்குத் தெரிய வேண்டும் என்பதற்காக ஆளுக்கொரு துண்டு கொடுத்து, தலையில் போட்டுக்கொள்ளச் சொன்னேன். எந்தக் கட்சிக்கும் இல்லாத நிறமாகப் பார்த்து வாங்கினேன். கத்தரிப்பூ நிறம்.

ஞாயிற்றுக்கிழமை பதினொரு மணிக்கு மெட்டுகுடாவிலிருந்து பஸ்கள் கிளம்பின. கமலம் என் பக்கத்தில் வந்து நின்றாள். அவளுக்கு முழங்கால் வலி. ஹப்சிகுடாவில் ஒரு பெண்கள் ஹாஸ்டலில் சாயங்காலச் சமையல் பார்க்கிறாள்.

"அண்ணா, நாலு மணிக்கு வுட்டுடணும். அறுபது பேருக்கு சப்பாத்தி போடணும், லேட்டானா வார்டனம்மா கத்தும்" என்றாள்.

"உன் புள்ளதானே கேட்டுல நிக்கிறான். நாலு மணிக்கு அவனே தொறந்து வுடுவான், போ" என்றேன்.

"அவனா? நீங்க சொல்லாம அவன் தும்மகூட மாட்டான்" என்று சிரித்தாள். துண்டைத் தலையில் போட்டுக்கொண்டு, நல்லா இருக்கா என்று பக்கத்தில் இருந்தவளிடம் கேட்டாள்.

அவள் சொன்னது சரி. முரளிக்கு முப்பத்திரண்டு வயது. அப்பா இல்லாத பிள்ளை. ஸ்கூல் பீஸிலிருந்து கூரியர் கம்பெனி வேலைவரை நான்தான் பார்த்தேன். என் மேல் அவனுக்கு அவ்வளவு பயபக்தி. இரண்டாம் கேட்டை அவனுக்குக் கொடுத்தது அதற்காகத்தான். அது பஸ் நிற்கும் ரோட்டுப் பக்கம் இருக்கிற கேட்டு. கிளம்ப நினைப்பவர்கள் எல்லோரும் அங்கேதான் வருவார்கள்.

தலைவர் இரண்டு மணிக்கு வருவார் என்று அறிவித்திருந்தோம். மூன்றாயிற்று. மேடையில் பாட்டுக்காரர்கள் பாடியதையே பாடினார்கள். ஏப்ரல் வெயில் எப்படி என்று உங்களுக்குத் தெரியும். எனக்கு ஓரிடத்தில் நிற்க முடியவில்லை. மேடைக்கும் ஜெனரேட்டருக்கும் நடந்துகொண்டே இருந்தேன். கூட்டம் எழுந்து போவதற்கு முன்னால் அதில் ஒரு நெளிவு வரும். துண்டை உதறுவார்கள், குழந்தையை இந்தத் தோளிலிருந்து அந்தத் தோளுக்கு மாற்றுவார்கள், செருப்பைத் தேடுவார்கள். யாரும் இன்னும் எழுந்திருக்க மாட்டார்கள், ஆனால் முடிவு செய்துவிட்டார்கள் என்று எனக்குத் தெரிந்துவிடும். மூன்றரை மணிக்கு அது வந்தது. குஷாய்குடாவின் காலி நாற்காலிகள்தான் கண்முன் நின்றன.

நான்கு பத்துக்கு முரளியின் முதல் அழைப்பு.

"அண்ணா, அம்மா கெளம்பணும்ங்குது. அது பின்னாடி ஒரு இருபது பேரு எழுந்துட்டாங்க. தொறக்கட்டா?"

"ஒருத்தருக்குத் தொறந்தா எல்லாருக்கும் தொறக்கணும்டா. தலைவர் ஹப்சிகுடா தாண்டிட்டாருன்னு அம்மாகிட்ட சொல்லு."

தலைவர் அப்போது பேகம்பேட்டையைவிட்டே கிளம்பவில்லை. கமலம் உட்கார்ந்துவிட்டாள் என்று பிற்பாடு தெரிந்தது. இருதயம் அண்ணன் சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று மற்றவர்களையும் அவளே உட்கார வைத்தாளாம். அவள் பேச்சுக்கு அப்படி ஒரு கட்டுப்பாடு உண்டு. குடத்தோடு போன அன்றும் அப்படித்தான்.

நான்கு ஐம்பதுக்கு இரண்டாவது அழைப்பு. தண்ணீர் தீர்ந்துவிட்டது, இரண்டு பெண்கள் மயங்கிவிட்டார்கள், வெளியிலிருந்தும் உள்ளே வரக் கேட்டைத் தள்ளுகிறார்கள் என்றான். நான் சொன்ன பதிலை அப்படியே எழுதுகிறேன்.

"இப்ப தொறந்தா வெளிய இருக்கிறவன் உள்ள வருவான், உங்கம்மா மேலதான் ஏறுவான். பூட்டி வெச்சிருக்கிறதுதான்டா அம்மாவுக்கு நல்லது. சாவிய எவன்கிட்டயும் குடுக்காத. நான் சொல்ற வரைக்கும் நக்கோ, தொறக்காத."

அந்த நிமிடத்தில் அது பொய்யில்லை. நீங்களும் யோசித்துப் பாருங்கள். பூட்டின் வலிமையே அதில்தான் இருந்தது. வேறு எவன் அம்மா அங்கே உட்கார்ந்திருந்தாலும் முரளி பாவம் பார்த்துத் திறந்திருப்பான்.

ஐந்தே காலுக்குத் தலைவரின் வண்டிகள் வந்துவிட்டன என்று செய்தி வந்தது. மேடைக்குப் பின்னால் தனி வழி வைத்திருந்தோம். புருஷோத்தமன் டிரோன் படம் ஓடும் திரையின் முன்னால் நின்றிருந்தார். என்னைக் கையைப் பிடித்து இழுத்துக் காட்டினார். மேற்கு மதிலின் நிழல் விழுந்த பக்கம் ஜனங்கள் நெருக்கியடித்து நின்றார்கள். வெயில் விழும் கிழக்குப் பக்கம், இரண்டாம் கேட்டுக்கு முன்னால், மைதானம் காலியாகக் கிடந்தது. நிறைந்த தலையில் சொட்டை விழுந்தது மாதிரி இருந்தது. அதற்கு ஓரத்தில் கத்தரிப்பூ நிறத்தில் ஒரு சின்னப் பட்டை.

"தலைவர் ஏறினதும் நேரலையில போகப்போவுது. அந்த எடத்த ரொப்புங்க" என்றார் புருஷோத்தமன்.

எப்படி என்று அவர் சொல்லவில்லை. அவரை இதில் இழுக்க நான் விரும்பவில்லை. யோசனை என்னுடையது. மைக்கை வாங்கினேன். தலைவர் இரண்டாம் கேட்டு வழியாக நடந்து வருகிறார், வருகிற வழியில் தாய்மார்களுக்குக் கை கொடுப்பார் என்று தெலுங்கில் ஒரு முறையும் ஹிந்தியில் ஒரு முறையும் சொன்னேன்.

அவ்வளவுதான். ஒரே வாக்கியம். மூன்றே கால் மணி நேரம் காத்திருந்த பதினெட்டாயிரம் பேர் எழுந்தார்கள். யார் மேலும் யாருக்கும் கோபமில்லை. எல்லோரும் சிரித்துக்கொண்டுதான் ஓடினார்கள், அதைப் படத்தில் பார்க்கலாம். போக நினைத்தவர்களும் தலைவரைப் பார்க்க நினைத்தவர்களும் முதல்முறையாக ஒரே திசையில் போனார்கள். வெளியே நின்றவர்கள் மைக்கில் கேட்டுவிட்டு, அந்தப் பக்கத்திலிருந்து கேட்டை அழுத்தினார்கள். உள்ளேயிருந்து ஓடி வருபவர்களுக்கு, முன்னால் என்ன இருக்கிறது என்று தெரிய வழியில்லை. உட்கார்ந்திருக்கும் பெண்களைப் பார்த்தால்தானே மரியாதை கொடுப்பார்கள். முதல் வரிசை பார்த்திருக்கும். பத்தாவது வரிசைக்கு எங்கே தெரியும்?

திரையில் அந்தச் சொட்டை ரொம்பியது. புருஷோத்தமன் என் தோளில் கை வைத்தார். கத்தரிப்பூப் பட்டை ஒடுங்கியது, இரண்டாகப் பிரிந்தது, பிறகு இல்லை. அந்த நிறத்தை நான் எதற்கு வாங்கினேன் என்று மேலே எழுதியிருக்கிறேன். அது என் கண்ணுக்குத் தெரிந்தது.

திங்கட்கிழமை கமலத்தை எடுத்தார்கள். முரளியைக் காவலோடு கொண்டுவந்தீர்கள். எங்கள் சந்து ஏழு அடி அகலம்தான். மூவாயிரம் பேராவது வந்திருப்பார்கள், டிவிக்காரர்கள் வேறு. நான் காலையிலேயே போய்ச் சந்தின் இரண்டு முனையிலும் ஆள் நிறுத்தி, வருபவர்கள் ஒரு பக்கமாக வந்து மறு பக்கமாகப் போகும்படி செய்தேன். வாசலில் நின்றிருந்த ஸ்கூட்டர்களை அப்புறப்படுத்தினேன். யாரும் தடுக்கி விழவில்லை. உங்கள் இன்ஸ்பெக்டரே, யார் ஏற்பாடு, நன்றாக இருக்கிறதே என்று கேட்டார்.

முரளி என்னை அடிப்பான் என்று எதிர்பார்த்தேன். அடித்திருந்தால் நான் இங்கே வந்திருக்க மாட்டேனோ என்னவோ. கொள்ளிச் சட்டியோடு என் முன்னால் வந்து நின்றான். "அண்ணா, அம்மாவ தூக்கினு போக ஜாகா இருக்கா?" என்று கேட்டான்.

"ஹவ்டா, எடம் இருக்கு" என்றேன்.

சரி என்று தலையாட்டிவிட்டு நடந்தான். அன்றைக்குப் பிடித்தது, எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. எங்கே உட்கார்ந்தாலும் கதவு எந்தப் பக்கம் திறக்கிறது என்று பார்க்கிறேன். சாப்பாட்டுக் கடையில், கோயிலில், எல்லா இடத்திலும் தலைகளை எண்ணுகிறேன். பூசையில் நற்கருணை வாங்க எல்லோரும் எழுந்தபோது நான் வெளியே ஓடிவிட்டேன். என் மனைவி டாக்டரிடம் போகலாம் என்றாள். டாக்டருக்கு இதில் என்ன வேலை? என் பிள்ளை மாதிரி வளர்த்தவன் என்னைக் காட்டிக்கொடுக்காமல் உள்ளே உட்கார்ந்திருக்கிறான். அவனை வெளியே விட்டுவிட்டால் எனக்குச் சரியாகிவிடும்.

மூன்றாவது அழைப்பு சத்தத்தில் கேட்கவில்லை என்று மேலே எழுதினேன். அதை அடிக்கவில்லை, அப்படியே இருக்கட்டும். நாற்பத்தொரு விநாடி பேசியதாக உங்கள் தாளில் இருக்கிறது. நேற்று அந்தத் தாளை நீங்கள் என் பக்கம் திருப்பி வைத்தீர்கள்.

ஐந்து இருபத்தேழு. பதற்றம் வந்தால் முரளி தெலுங்குக்கு மாறிவிடுவான். "ஜனம் தோசேஸ்துன்னாரு அண்ணா, தோசேஸ்துன்னாரு" என்றான். தள்ளுகிறார்கள், தள்ளுகிறார்கள். பிறகு போன் கை மாறியது. கமலத்தின் குரல். அவளுக்கு மூச்சு வாங்கியது, ஆனால் கத்தவில்லை.

"அண்ணா, சாவி இவன் கையிலதான் இருக்குது. நீங்க சொன்னாத்தான் தொறப்பேன்றான். ஒரு வார்த்த சொல்லுங்கண்ணா."

நான் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். தலைவர் மேடையில் ஏறிக் கையை உயர்த்தியிருந்தார். டிரோன் மேற்கிலிருந்து மெல்லத் திரும்பிக்கொண்டிருந்தது. இரண்டாம் கேட்டுப் பக்கம் வர இன்னும் கொஞ்சம் இருந்தது. அப்போது கேட்டைத் திறந்தால் அத்தனை பேரும் ரோட்டுக்கு வழிந்துவிடுவார்கள். ரொப்பின இடம் மறுபடி காலியாகி, ஊரே பார்க்கும்.

"ரெண்டு நிமிஷம் கமலம். படம் எடுத்துக்கினு இருக்காங்க" என்றேன்.

"சரிண்ணா" என்றாள்.

அவள் சம்மதித்தாள் என்பதையும் நீங்கள் பதிவு செய்ய வேண்டும்.

ஆக, கேட்டைப் பூட்டச் சொன்னது நான். அந்தப் பெண்களை அங்கே உட்கார வைத்தது நான். கூட்டத்தை அவர்கள் மேல் அனுப்பியது நான். திறக்காதே என்று கடைசியாகச் சொன்னதும் நான். முரளி சாவியைப் பிடித்துக்கொண்டு என் வார்த்தைக்காக நின்றான், அவ்வளவுதான் அவன் செய்தது. அவனை விட்டுவிடுங்கள். அந்தப் படத்தை நீங்கள் பார்த்திருப்பீர்கள். ஓர் இடமும் காலியில்லை.

என்னைக் கோர்ட்டுக்கு எந்த நாளில் கொண்டுபோகிறீர்கள் என்று முன்கூட்டியே சொன்னால் நல்லது. இறந்தவர்களின் சொந்தக்காரர்கள், கட்சிக்காரர்கள், டிவி என்று எப்படியும் ஆயிரம் பேர் சேருவார்கள். அந்த வாசல் குறுகல், நான் பார்த்திருக்கிறேன். முரளி அதற்குள் வெளியே வந்திருந்தால் வாசலுக்கு அவனைப் போடுங்கள், பொறுப்பாக நிற்பான். மெட்டுகுடாவிலிருந்து வருகிற பெண்களை முன்வரிசையில் பாய் போட்டு உட்கார வைத்துவிடுங்கள். நம் ஜனங்கள் மரியாதை தெரிந்தவர்கள், தாண்டி வரமாட்டார்கள்.